முதலில் வருவது, முதலில் போவது

பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஐரோப்பிய சர்க்கரை ஆலைகளில் கரும்பு இல்லை, பீட் கிழங்குதான். கிழங்கைச் சீவி, வெந்நீரில் ஊறவைத்துச் சாறு இறக்கி, அதைக் காய்ச்சிச் சர்க்கரை எடுத்தார்கள். அந்த ஆலைகளை ஒரு தொல்லை விடாமல் துரத்தியது. மாலையில் தண்ணீராக ஓடிய சாறு காலையில் கொழகொழவென்று திரண்டு நிற்கும். குழாய் அடைத்துக்கொள்ளும், வடிகட்டும் துணி வழிவிடாது, தொட்டியின் அடியில் கண்ணாடி போன்ற கூழ் உருண்டைகள் கிடக்கும். ஜெர்மனியின் ஆலைக்காரர்கள் அதைத் தவளை முட்டை என்றே சொன்னார்கள். தேங்கிய குட்டையில் மிதக்கும் முட்டைக் கொத்தும் பார்வைக்கு அப்படித்தான் இருக்கும்.

1861இல் லூயி பாஸ்டர் இந்த வழவழப்புக்குக் காரணம் ஓர் உயிர் என்று காட்டினார். கிழங்கின் குற்றமோ தொட்டியின் அழுக்கோ அல்ல, சர்க்கரையைத் தின்று வாழும் ஏதோ ஒன்று சாற்றுக்குள் இருக்கிறது என்றார். அந்தக் கூழை ஆராய்ந்த ஜெர்மானிய சர்க்கரை வேதியியலர் கார்ல் ஷைப்லர், அதுவும் மாவுச்சத்தைப் போல ஒரு கார்போஹைட்ரேட்தான் என்று கண்டு, 1874இல் டெக்ஸ்ட்ரான் என்று பெயரிட்டார். அதைச் செய்யும் உயிருக்குப் பெயர் வர இன்னும் நான்கு ஆண்டுகள் ஆயின. 1878இல் பிரெஞ்சுத் தாவரவியலர் வான் டீகம் வைத்த பெயர் லியூகோனாஸ்டாக் மெசென்டிராய்டஸ். உருண்டையான செல்கள், இரண்டிரண்டாகவும் சிறு சரமாகவும் ஒட்டிக்கொண்டிருக்கும். நகரத் தெரியாது. செடியின் இலையிலும் காயின் தோலிலும் பருப்பின் மேலும் கொஞ்சமாக ஒட்டிக்கொண்டு காத்திருக்கும். ஈரமும் இனிப்பும் கிடைத்தால், அங்கிருக்கும் எல்லோரையும் முந்திக்கொண்டு பெருகும்.

ஆலைக்காரர்களைப் பொறுத்தவரை இது திருடன். திருடும் விதமும் விசித்திரமானது. பெரும்பாலான நுண்ணுயிர்கள் சர்க்கரையை உள்ளே இழுத்துச் செரிக்கும். இது ஒரு நொதியை வெளியே அனுப்புகிறது. அந்த நொதி சர்க்கரையின் மூலக்கூறை இரண்டாக வெட்டி, குளுகோஸ் பாதியை ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்து நீண்ட சங்கிலியாக்குகிறது. ஃபிரக்டோஸ் பாதி செல்லுக்கு உணவாகிறது. செல்லே இல்லாமல் நொதி மட்டும் இருந்தாலும் இந்தக் கோர்வை நடக்கும் என்று 1941இல் எட்வர்ட் ஹெஹ்ரே காட்டினார். பிசின் போன்ற சங்கிலிகள் சாற்றைக் கெட்டியாக்குகின்றன. செல்களைச் சுற்றி உறையாகவும் படிகின்றன.

கரும்பு ஆலைகளிலும் இதே கதைதான், நம் ஊர் ஆலைகள் உட்பட. வெட்டிய கரும்பு வெயிலில் கிடந்தாலும், வண்டியோடு ஆலை வாசலில் வரிசையில் நின்றாலும், வெட்டுவாயின் வழியாக இது உள்ளே இறங்கிவிடுகிறது. எரித்து வெட்டிய கரும்பு என்றால் இன்னும் வேகம். பாகு கெட்டிப்படுகிறது, சர்க்கரைப் படிகங்கள் கனசதுரமாக வராமல் ஊசியாக நீள்கின்றன. அளவையையும் இது ஏமாற்றுகிறது. சாற்றில் எவ்வளவு சர்க்கரை என்பதை அதன் வழியே செல்லும் ஒளி எவ்வளவு திரும்புகிறது என்று பார்த்துத்தான் கணக்கிடுவார்கள். டெக்ஸ்ட்ரான் ஒளியைச் சர்க்கரையைப் போல ஏறக்குறைய மூன்று மடங்கு திருப்பும். ஆகவே கருவி சர்க்கரை நிறைய இருப்பதாகச் சொல்லும், மூட்டையில் அது வராது. கரும்பு விலையைப் பிழிதிறனோடு கட்டி வைத்திருக்கும் ஒரு நாட்டில் இது சின்ன விஷயமல்ல. வெட்டிய கரும்பு காயாமல் அரவைக்குப் போக வேண்டும் என்று விவசாயி அடித்துக்கொள்வதற்கு எடைக் குறைவு ஒரு காரணம். அவர் கண்ணுக்குத் தெரியாத இந்த உயிர் இன்னொரு காரணம்.

இதே உயிரை வரவேற்று உட்காரவைத்த இடங்களும் இருந்தன, சர்க்கரை ஆலைகளுக்கு வெகு காலம் முன்பே. முட்டைக்கோஸை மெல்லியதாக அரிந்து, நூற்றுக்கு இரண்டு, இரண்டரை பங்கு உப்புச் சேர்த்து அழுத்தி மூடி வைத்தால் ஜெர்மானியரின் சாவர்க்ராட் கிடைக்கும். அந்தப் பானைக்குள் யார் எப்போது வருகிறார்கள், எப்போது போகிறார்கள் என்று பொறுமையாகக் கணக்கெடுத்தவர் கார்ல் பெடர்சன். நியூயார்க் மாநிலத்தின் ஜெனீவா என்ற சிற்றூரில் உள்ள வேளாண் ஆய்வு நிலையத்தில் வேலை பார்த்தவர். 1930 முதல் வெளிவந்த அவருடைய ஆய்வுகள் காட்டிய வரிசை இன்றைக்கும் பாடமாக இருக்கிறது. முதலில் லியூகோனாஸ்டாக். பிறகு லாக்டோபாசில்லஸ் பிரெவிஸ் என்ற கோல் வடிவ பாக்டீரியா. கடைசியில், எல்லோரையும் விட அதிக புளிப்பைத் தாங்கும் லாக்டோபாசில்லஸ் பிளாண்டாரம்.

முதலில் வருபவர் செய்யும் வேலை பெரிது. ஒரு குளுகோஸை உடைத்து ஒரு லாக்டிக் அமிலம், ஒரு சாராய மூலக்கூறு, ஒரு கரியமில வாயு என்று மூன்றாகப் பிரித்துப் போடுகிறது. அமிலம் அழுகல் கிருமிகளை அடக்குகிறது. வாயு பானையிலிருந்த காற்றைத் தள்ளிவிட்டு, காற்றுக்காக ஏங்கும் பூஞ்சைகளைத் திணறடிக்கிறது. ஃபிரக்டோஸில் ஒரு பகுதி மானிட்டால் என்ற இன்சுவைப் பொருளாகிறது. பின்னால் வருபவர்களுக்கு வீடு தயார். ஆனால் அமிலம் நூற்றுக்கு ஒரு பங்கை நெருங்கும்போது வீட்டைக் கட்டியவருக்கு அங்கே இருக்க முடிவதில்லை. எண்ணிக்கை சரியத் தொடங்குகிறது. சர்க்கரை இன்னும் மிச்சமிருக்கும்போதே சரிகிறது.

பசியால் சாகவில்லை, எதிரி வந்து கொல்லவில்லை, தன் கையால் செய்ததாலேயே அழிகிறது என்றால் இயற்கைத் தேர்வு இப்படி ஓர் உயிரை ஏன் விட்டு வைத்தது? தன்னைத் தானே கட்டுப்படுத்திக்கொள்ளும் உயிர் என்று இதைப் பாராட்டி எழுதுவார்கள். கட்டுப்படுத்திக்கொள்வது பிழைப்பதற்காக இருக்க வேண்டும் அல்லவா? இங்கே கட்டுப்பாடு என்பது கட்டுப்படுகிறவரின் முடிவாக இருக்கிறது.

விடைக்குப் போவதற்கு முன் ஸ்வீடனுக்குப் போக வேண்டும். இந்த உயிரின் வாழ்க்கையில் யாரும் எதிர்பாராத திருப்பம் அங்கேதான் நடந்தது.

1940களின் தொடக்கம். உப்சாலா பல்கலைக்கழகத்தில், பின்னால் 1948இல் நோபல் பரிசு பெறப்போகும் அர்னே டிசேலியஸின் ஆய்வகத்தில், பியோர்ன் இங்கெல்மான் என்ற இளம் ஆய்வாளர் பீட் கிழங்குச் சாற்றிலிருந்த பெருமூலக்கூறுகளைப் பிரித்துக்கொண்டிருந்தார். சாறு கெட்டுப்போய் டெக்ஸ்ட்ரான் கலந்திருந்தது. ஆலைக்காரர் கொட்டிவிட்டுப் போயிருப்பார். இங்கெல்மானும் ஆண்டர்ஸ் குரோன்வால் என்ற மருத்துவ ஆய்வாளரும் அதை வேறு கண்ணால் பார்த்தார்கள். உலகப் போர் நடந்துகொண்டிருந்தது. ரத்தம் இழந்தவர்களுக்கு உடனடித் தேவை, ரத்தக் குழாய்க்குள் தண்ணீரைப் பிடித்து வைத்திருக்கும் ஏதோ ஒன்று. வெறும் உப்பு நீர் ஏற்றினால் அது குழாயை விட்டுக் கசிந்து திசுக்களுக்குள் போய்விடும். உடலில் அந்தப் பிடிப்பைத் தருவது ஆல்புமின் என்ற புரதம். அதன் அளவுக்குக் கிட்டத்தட்ட இணையாக டெக்ஸ்ட்ரானை வெட்டிக்கொள்ள முடிந்தால்?

பாக்டீரியா செய்யும் சங்கிலி அப்படியே உதவாது. அதன் மூலக்கூறு எடை லட்சங்களையும் தாண்டும், உடல் அதை அன்னியமாக எதிர்க்கும். அமிலத்தால் அதை நறுக்கி, எழுபதாயிரம் எடைக்கு அருகில் இருக்கும் துண்டுகளைப் பிரித்து, உப்பு நீரில் 6 சதவீதக் கரைசலாக்கினார்கள். ஃபார்மசியா நிறுவனம் 1947இல் அதை மேக்ரோடெக்ஸ் என்ற பெயரில் மருந்தாகக் கொண்டுவந்தது. ரத்தப் பிரிவு பார்க்க வேண்டியதில்லை, குளிர்பெட்டி வேண்டியதில்லை, புட்டியில் மாதக்கணக்கில் வைக்கலாம்.

அட்லாண்டிக்கின் மறுகரையில் இதே வேலையை இன்னும் பெரிய அளவில் செய்தவர் ஆலீன் ஜீன்ஸ். அமெரிக்க வேளாண் துறையின் பியோரியா ஆய்வகத்தில் வேதியியலராக இருந்த பெண்மணி. அந்த ஆய்வகத்துக்கு ஒருமுறை ரூட் பீர் என்ற குளிர்பானத்தின் புட்டி ஒன்று வந்தது. உள்ளே பானம் கெட்டுக் கொழகொழத்துப் போயிருந்தது. அதிலிருந்து பிரித்த லியூகோனாஸ்டாக் வகைக்கு பி-512 என்று எண் கொடுத்தார்கள். மருந்து டெக்ஸ்ட்ரானுக்கு அதைவிடப் பொருத்தமான வகை கிடைக்கவில்லை. அதன் சங்கிலியில் 95 சதவீத இணைப்புகள் ஒரே மாதிரி. கிளைகள் குறைவு, அதனால் உடலின் எதிர்ப்பும் குறைவு. கொரியப் போரில் காயம்பட்ட வீரர்களின் ரத்தக் குழாயில் இந்த டெக்ஸ்ட்ரான் ஏறியது. வேளாண் துறையின் உயரிய விருதை 1953இல் ஜீன்ஸ் பெற்றார். அதைப் பெற்ற முதல் பெண் அவர்.

எல்லாம் நன்மை என்று சொல்ல முடியாது. டெக்ஸ்ட்ரான் ரத்தம் உறைவதைத் தடுத்தது. ரத்தப் பிரிவுப் பரிசோதனையைக் குழப்பியது. சிலருக்கு உயிருக்கே ஆபத்தான ஒவ்வாமை வந்தது. உணவிலும் குடலிலும் இந்தப் பாக்டீரியாக்களோடு பழகிய நம் உடலில் பலருக்கு டெக்ஸ்ட்ரானுக்கு எதிரான எதிர்ப்பொருள்கள் ஏற்கனவே இருக்கின்றன. பிறகு வேறு திரவங்கள் வந்து அதன் இடத்தைப் பெருமளவு பிடித்துக்கொண்டன. ஆனால் அதன் துணை வழிகள் நீண்டன. 1954இல் இரும்பை டெக்ஸ்ட்ரானோடு பிணைத்த ஊசி மருந்து வந்தது. கடுமையான ரத்தசோகையில் வாய்வழி மாத்திரை ஒத்துக்கொள்ளாத கர்ப்பிணிகளுக்கு அது கைகொடுத்தது. போட்ட இடத்தில் தோல் பழுப்பாகிவிடும் என்பதால், தோலை ஒரு பக்கம் இழுத்துப் பிடித்து ஊசி போடும் முறையை நர்சுகள் கற்றுக்கொண்டார்கள். 1959இல் ஜெர்கர் போராத், பெர் ஃபுளோடின் இருவரும் டெக்ஸ்ட்ரான் சங்கிலிகளை ஒன்றோடொன்று குறுக்கே பிணைத்து நுண்மணிகளாக்கினார்கள். செஃபடெக்ஸ் என்ற அந்த மணிகளைக் குழாயில் நிரப்பிப் புரதக் கலவையை ஊற்றினால், பெரியவை முன்னாலும் சிறியவை பின்னாலும் வரிசையாக இறங்கும். அதன் பிறகு பல பத்தாண்டுகள், புரதத்தைத் தூய்மைப்படுத்திய ஆய்வகங்களில் இந்த மணிகள் இல்லாத இடம் அரிது.

இத்தனைக்கும் பிறகுதான் இட்லி.

1965இல் அப்ளைடு மைக்ரோபயாலஜி இதழில் ஓர் ஆய்வு வந்தது. எழுதியவர்கள் முகர்ஜி, ஆல்பரி, பெடர்சன், வான் வீன், ஸ்டைன்கிராஸ். முட்டைக்கோஸ் பானையைக் கணக்கெடுத்த அதே பெடர்சன், அதே ஜெனீவா ஆய்வு நிலையம். அரிசியையும் உளுந்தையும் ஊறவைத்து, அரைத்து, கலந்து, மணிக்கு மணி எடுத்துப் பார்த்தார்கள். ஈஸ்ட் சேர்த்துத்தான் மாவு உப்ப முடியும் என்று நம்பிய ரொட்டி நாட்டில், மாவைப் பொங்க வைப்பதும் புளிக்க வைப்பதும் முதன்மையாக ஒரே பாக்டீரியாதான், அது லியூகோனாஸ்டாக் மெசென்டிராய்டஸ் என்று அவர்கள் சொன்னார்கள். அதற்குப் பின்னால் ஸ்டிரெப்டோகாக்கஸ் ஃபீக்காலிஸ், இன்னும் பின்னால் பீடியோகாக்கஸ். பிற்பாடு நம் நாட்டு ஆய்வாளர்கள் மாவில் ஈஸ்ட்களையும் கண்டிருக்கிறார்கள். வீட்டுக்கு வீடு, ஊருக்கு ஊர் கூட்டம் மாறும். ஆனாலும் மாவு பொங்குவதைத் தொடங்கி வைப்பவர் யார் என்பதில் அந்த ஆய்வு இன்றும் நிற்கிறது.

எங்கிருந்து வருகிறது இது? சிலர் கைராசி என்பார்கள். ஆய்வு காட்டிய வழி உளுந்து. தோலில் ஒட்டியிருந்தவை ஊறும்போதே பெருகத் தொடங்கிவிடுகின்றன. ஊறவைத்த தண்ணீரைக் கீழே கொட்டாமல் அதையே தெளித்து அரைக்கும் பழக்கத்துக்குப் பின்னால் நல்ல அறிவு இருக்கிறது. வாயுவை உண்டாக்குவது மட்டும் போதாது, பிடித்து வைக்கவும் வேண்டும். உளுந்தின் குளோபுலின் புரதம் நுரையை உண்டாக்குகிறது, அதன் அரபினோகேலக்டன் என்ற பிசின் அந்த நுரையைக் கலையாமல் காக்கிறது. மைசூரின் மத்திய உணவுத் தொழில்நுட்ப ஆராய்ச்சி நிலையத்தில் 1970களில் கண்டறிந்தது இது. கோதுமையின் பசைப்புரதம் இல்லாமல், ஈஸ்டை நம்பாமல், பஞ்சு போன்ற ஒரு பண்டத்தை ஆவியில் எழுப்பிய அந்த முதல் சமையல்காரர் யார் என்று நமக்குத் தெரியாது. உலகின் பெரிய கண்டுபிடிப்பாளர்களின் வரிசையில் அவரை வைக்க நான் தயங்கமாட்டேன்.

தன் கையால் செய்ததாலேயே அழியும் உயிரை இயற்கைத் தேர்வு ஏன் விட்டு வைத்தது என்ற கேள்விக்கு இப்போது வரலாம்.

லாக்டிக் அமிலம் கொல்லும் விதம் நுட்பமானது. புளிப்பு ஏற ஏற, அமில மூலக்கூறுகள் பிரியாமல் முழுசாக இருக்கும் பங்கு கூடுகிறது. முழு மூலக்கூறு செல்லின் சவ்வைத் தாண்டி உள்ளே நுழைந்துவிடும். நுழைந்த பிறகு பிரிந்து செல்லுக்குள்ளேயே புளிப்பைக் கூட்டும். அதை வெளியே இறைத்துக்கொண்டே இருக்க ஆற்றல் வேண்டும். லியூகோனாஸ்டாக் ஏழை. ஒரு குளுகோஸுக்கு இரண்டு அலகு ஆற்றல் எடுக்கும் பாக்டீரியாக்கள் உண்டு. சாராயமும் வாயுவும் விடும் இதன் வழியில் கிடைப்பது ஒன்றுதான். வட கரோலினாவில் மெக்டொனால்டும் ஃபிளெமிங்கும் ஹசனும் 1990இல் அளந்தார்கள். புளிப்பு கூடக் கூடக் குறையும் அளவு பி.எச். செல்லுக்குள் அது 5.4 முதல் 5.7 என்ற எல்லைக்கு இறங்கினாலே லியூகோனாஸ்டாக் நின்றுவிடுகிறது. பிளாண்டாரம் 4.6 முதல் 4.8 வரை இறங்கினாலும் தாக்குப்பிடிக்கிறது. எங்கள் ஊர்ப் பேச்சில் சொன்னால், ஒருவருக்கு எல்லை முடியும் இடத்தில் இன்னொருவருக்கு வாசல் திறக்கிறது.

இப்படிப் பலவீனமானது அமிலத்தைக் குறைத்துக்கொண்டால் என்ன? குறைத்துக்கொள்ளும் ஒரு செல்லை நினைத்துப் பாருங்கள். பக்கத்தில் இருப்பவை குறைக்கப்போவதில்லை. அவற்றின் அமிலத்தில் இதுவும் சாகும். சர்க்கரையையும் விட்டுக்கொடுத்துச் சாகும். அடக்கம் பொதுவில் நன்மையாக இருந்தாலும் அடங்கியவருக்குப் பரிசு இல்லை. வேகமாகத் தின்று, வேகமாகப் பெருகி, போட்டியாளர்களை அமிலத்தால் விரட்டிவிட்டு, முடிவு வருவதற்குள் எத்தனை வாரிசுகளைச் சேர்க்க முடியுமோ சேர்ப்பதே லாபம். அதன் நிரந்தர வீடும் இந்தப் பானை அல்ல; இலையும் பருப்பின் தோலும்தான். மாவுப் பாத்திரம் அதற்கு ஊர்த் திருவிழா மாதிரி. பந்தல் பிரிக்கப்படும் என்று தெரிந்தே கடை போடுகிறது.

2018இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் கிறிஸ்டோஃப் ராட்ஸ்கே, யோனாஸ் டெங்க், ஜெஃப் கோர் ஆகியோர் இந்த முரணை அதன் உச்சத்தில் காட்டினார்கள். அவர்கள் எடுத்துக்கொண்டது பேனிபாசில்லஸ் என்ற வேறொரு பாக்டீரியா. அது தன் சூழலின் பி.எச்.சைத் தன்னால் தாங்க முடியாத அளவுக்கு மாற்றி, கூட்டமே இல்லாமல் அழிந்தது. செழிப்பாக வளரவிட்டால் அழிகிறது. வளர்ச்சியைக் கெடுக்கும் நுண்ணுயிர்க்கொல்லியைக் கொஞ்சம் சேர்த்தால் பிழைக்கிறது! அடர்த்தி கூடாததால் சூழல் அந்த எல்லைக்குப் போகவில்லை, அவ்வளவுதான். வேறு பல நுண்ணுயிர்களிலும் இதையே கண்டார்கள். லியூகோனாஸ்டாக்கின் முடிவு இவ்வளவு முழுமையானதல்ல, சில செல்கள் மிஞ்சும். ஆனால் தத்துவம் ஒன்று: அதன் வேகத்தைத் தடுப்பது எதுவோ அதுவே அதன் ஆயுளை நீட்டுகிறது.

இதைப் படித்தபோது எனக்குப் பட்டது, தன்னைத் தானே கட்டுப்படுத்தும் உயிர் என்ற பேச்சே சரியில்லை என்பது. கடிவாளம் அதனிடம் இல்லை. உப்பிடம், குளிரிடம், பானையின் மூடியிடம், பக்கத்தில் இருக்கும் மற்ற உயிர்களிடம் இருக்கிறது. கொரியர்களுக்கு இது ஆய்வுக்கட்டுரை வராமலே தெரியும். கார்த்திகை மாதக் குளிரில் குடும்பமே கூடிக் கிம்ச்சி என்ற காய்கறி ஊறுகாய் போட்டு, மண்ணில் புதைத்த ஜாடியில் குளிர்காலம் முழுவதும் வைத்தார்கள். குளிரில் லியூகோனாஸ்டாக் மெல்ல நடக்கும். அமிலம் மெல்லச் சேரும். மானிட்டாலின் இனிப்பும் வாயுவின் சுருக்கும் வாரக்கணக்கில் நிற்கும். அந்தப் பதத்தைத்தான் அவர்கள் நல்ல கிம்ச்சி என்கிறார்கள். 1995இல் கிம்ச்சிக்கென்றே தனிக் குளிர்பெட்டி அங்கே சந்தைக்கு வந்து வெற்றிபெற்றது. அது 0 டிகிரியை ஒட்டி அசையாமல் நிற்கும். புதைத்த ஜாடியின் வேலையை அடுக்குமாடி வீட்டில் செய்கிறது.

நம் கடைகளில் விற்கும் பாக்கெட் மாவிலும் இந்தக் கடிவாளச் சண்டைதான் நடக்கிறது. லியூகோனாஸ்டாக் குளிருக்கு அஞ்சாத இனம். ஃபிரிட்ஜிலும் மெதுவாக வேலை செய்யும், வாயு விடும். பை உப்பியிருந்தால் கெட்டுவிட்டது என்று திருப்பிக் கொடுப்பவர்களைக் கடையில் பார்த்திருக்கிறேன். பெரும்பாலும் அது உள்ளே முதல் ஆள் இன்னும் உயிரோடு இருப்பதன் அடையாளம். மாவு பொங்கியதும், அதிகம் புளிக்காமல் அப்படியே நிறுத்த வேண்டும் என்பது மாவு விற்பவரின் ஆசை. நிறுத்தவே முடியாது, தாமதப்படுத்தத்தான் முடியும். இதைக் கணக்கில் வைத்துத்தான் நம் வீடுகளில் ஒரே மாவுக்கு இத்தனை பலகாரம். பொங்கிய அன்று இட்லி. மறுநாள் நுரை அடங்கி, புளிப்பு எட்டிப் பார்க்கும்போது தோசை. அதற்கும் பிறகு, பீடியோகாக்கஸ் வகையறாக்கள் வீட்டைப் பிடித்துக்கொண்டதும், வெங்காயமும் பச்சை மிளகாயும் அரிந்து போட்டு ஊத்தப்பம். இல்லையென்றால் தாளித்துக் கொட்டிக் குழிப்பணியாரம்.